முழுகிப்போன கணக்கு

மேட்டூர் அணையில் தண்ணீர் வற்றும்போதெல்லாம் நம்முடைய பத்திரிகைகளுக்கு ஒரு செய்தி நிச்சயம். பண்ணவாடியில் நந்தி தலைகாட்டிவிட்டது! முழுகிப்போன ஜலகண்டேசுவரர் கோயிலின் நந்தியும், சற்றுத் தள்ளிக் கிறிஸ்தவ தேவாலயத்தின் கோபுரங்களும் நீர்மட்டம் இறங்க இறங்க வெளியே வருகின்றன. முதலில் கோபுரம், இன்னும் வற்றினால் நந்தி. உடனே ஜனங்கள் பரிசலேறிப் போகிறார்கள். நந்தியின் கழுத்தைக் கட்டிக்கொண்டு செல்போனில் படம் எடுத்துக்கொள்கிறார்கள். கரையில் மீன் வறுவல் மணக்கிறது. பிறகு கன்னடத்துப் பக்கம் மழை பெய்கிறது, வெள்ளம் வருகிறது, நந்தி முழுகிவிடுகிறது. செய்தியும் கூடவே முழுகிவிடுகிறது.

இந்த வேடிக்கையில் எனக்கு ஆட்சேபம் இல்லை. நானும் போய்ப் பார்த்தவன்தான், மீனும் தின்றவன்தான். வேடிக்கையோடு சேர்ந்தே வருகிற ஒரு பெருமூச்சு இருக்கிறதே, "அதெல்லாம் அந்தக் காலம், முழுகினது முழுகினதுதான்" என்று, அதைத்தான் என்னால் சகித்துக்கொள்ள முடியவில்லை. துக்கம் மாதிரி தோன்றும் அந்த வார்த்தை உண்மையில் ஒரு தீர்ப்பு. கணக்கை மூடிவிட்டோம், இனி யாரும் கேட்காதே என்று சொல்லுகிற தீர்ப்பு.

அண்மையில் சேலத்தில் ஒரு நண்பரோடு பேசிக்கொண்டிருந்தேன். ஓய்வு பெற்ற இஞ்சினீயர். நாவல்கள் நிறையப் படிக்கிறவர். என்னுடையதையும் படித்துவிட்டுப் பிழை சொல்லுகிற அளவுக்கு அன்பு உள்ளவர். பேச்சுவாக்கில், டாஸ்மேனியாவில் பெடர் என்ற ஏரியை நீர்த்தேக்கத்துக்கு அடியிலிருந்து மீட்க வேண்டுமென்று ஒரு கூட்டம் முப்பது வருஷத்துக்கு மேலாக மன்றாடுகிறது என்று சொன்னேன். அவர் விழுந்து விழுந்து சிரித்தார். "அணையை உடைச்சு ஏரியை வெளியே எடுக்கிறதா? நல்ல கதை! நாளைக்கு நந்திக்காக மேட்டூர் அணையையும் உடைக்கச் சொல்லுவீங்க போல இருக்கே!" என்றார்.

அந்தச் சிரிப்புக்குப் பதில் சொல்லத்தான் இதை எழுதுகிறேன். அது அவருடைய சிரிப்பு மட்டும் அல்ல; படித்தவர்கள் அநேகம் பேருடைய சிரிப்பு.

பெடரின் கதையை முதலில் சொல்லிவிடுகிறேன். டாஸ்மேனியா, ஆஸ்திரேலியாவுக்குத் தெற்கே உள்ள தீவு. அந்தத் தேசத்தின் ஒரு மாநிலம். அதன் தென்மேற்கு மூலையில், ஊர் என்று ஒன்றுமே இல்லாத மலைகளுக்கு நடுவில் அந்த ஏரி கிடந்தது. பரப்பு சுமார் 10 சதுர கிலோமீட்டர். ஆழம் சொற்பம். அதன் ஒரு கரையில் இளஞ்சிவப்பு ஓடிய வெண்மணல், சமுத்திரக் கரையைப் போல அகலமாகப் பரந்திருந்தது. தண்ணீர் இறங்கும் கோடை நாட்களில் சிறு விமானங்கள் அந்த மணல்மேலேயே வந்து இறங்குமாம். 1955-ல் அந்த இடத்தைத் தேசியப் பூங்கா என்று அறிவித்தார்கள். 1967-ல் மின்சாரத்துக்காக அந்தக் காப்பை நீக்கினார்கள். நீர்மின் ஆணையம் மூன்று அணைகளைக் கட்டியது. 1972-ல் ஏரி முழுகியது.

ஏரி எப்படி முழுகும் என்று கேட்கத் தோன்றும். 10 சதுர கிலோமீட்டர் ஏரியின் தலைமேல் 240 சதுர கிலோமீட்டர் நீர்த்தேக்கம் வந்து உட்கார்ந்தால் முழுகத்தான் முழுகும். இதில் வயிற்றெரிச்சல் என்னவென்றால், அந்த நீர்த்தேக்கத்துக்கும் பெடர் ஏரி என்றே பெயர் வைத்தார்கள். செத்தவனின் பெயரைக் கொன்றவன் சூட்டிக்கொண்ட மாதிரி!

அங்கே ஜனங்கள் சும்மா இருக்கவில்லை. அந்தப் போராட்டத்திலிருந்துதான் 1972-ல் ஓர் அரசியல் கட்சி பிறந்தது. உலகத்தின் முதல் பசுமைக் கட்சி அது என்கிறார்கள். அதே வருஷம் செப்டம்பரில், தலைநகரில் முறையிடுவதற்காகப் பிரெண்டா ஹீன் என்ற அம்மாளும் மாக்ஸ் பிரைஸ் என்ற விமானியும் ஒரு பழைய சிறு விமானத்தில் கிளம்பினார்கள். போய்ச் சேரவில்லை. இருவரும் என்ன ஆனார்கள் என்று இன்றுவரை தெரியவில்லை. மறு வருஷம் விசாரணைக் குழு போட்டார்கள். நிறுத்திவைப்பதற்கு ஆகிற செலவை நான் ஏற்கிறேன் என்று மத்திய சர்க்கார் முன்வந்தது. வேண்டாம் என்றது மாநில சர்க்கார்.

என் நண்பருக்குத் தெரியாத விஷயம் ஒன்று உண்டு. அந்தத் தேக்கத்துக்குள் முக்குளித்துப் பார்த்தவர்கள், பழைய மணற்கரை மேட்டுப் பள்ளம் கலையாமல் அப்படியே கிடப்பதைக் கண்டார்கள். மேலே மெல்லியதாக வண்டல் படிந்திருந்தது, அவ்வளவுதான். 1995-ல் ஆஸ்திரேலியப் பார்லிமெண்டுக் குழு ஒன்று விசாரித்து, ஏரியை மீட்பது தொழில்நுட்ப ரீதியில் முடியக்கூடிய காரியமே என்று ஒப்புக்கொண்டது. செய்யலாம் என்று மட்டும் சொல்லவில்லை. ஆகவே "முடியாது" என்று சிரிப்பதற்கு இடமில்லை. "வேண்டாம்" என்று வாதாடலாம். அது வேறு விஷயம்.

திரும்பி வராதவையும் உண்டு. அந்த மணற்கரையில் 1971-ல் ஒரு மண்புழுவைப் பிடித்தார்கள். ஒன்றே ஒன்று. உலகத்தில் வேறெங்கும் அந்த இனத்தை யாரும் கண்டதில்லை. பிறகு அங்கும் காணவில்லை. மண்புழுவுக்காக அழுவதா என்று நாற்காலியில் உட்கார்ந்திருக்கிறவர் கேட்கலாம். ராசிபுரத்திலோ ஆத்தூரிலோ காடு உழுகிற ஒரு குடியானவர் அப்படிக் கேட்கமாட்டார்.

இனி நண்பரின் கேள்விக்கு வருகிறேன். மேட்டூரையும் உடைக்கச் சொல்வாயா?

மாட்டேன். சொல்லுகிறவன் தஞ்சாவூர்ச் சோற்றைத் தின்றறியாதவன். 1925-ல் தொடங்கி 1934-ல் முடிந்த அணை அது. அன்றைய மதிப்பில் 4 கோடியே 80 லட்சம் ரூபாய் செலவு. 120 அடி நிரம்பினால் 93.47 டி.எம்.சி. தண்ணீர். ஜூன் 12-ந் தேதி மதகு திறக்குமா என்று டெல்டா ஜில்லாக்கள் முழுவதும் மூச்சைப் பிடித்துக்கொண்டு காத்திருக்கின்றன. கல்லணைக் கால்வாய் வெட்டிப் பட்டுக்கோட்டைப் பக்கத்து வறண்ட பூமியில் நெல் விளைய வைத்ததும் இதே திட்டம்தான். வழியெல்லாம் எத்தனையோ ஊர்களின் குடிதண்ணீர் இந்தத் தண்ணீரே. நந்திக்காக இதை உடை என்று அந்த நந்தியே சொல்லாது.

ஆனால் கவனியுங்கள்: இதில் மின்சாரத்தைப் பற்றி நான் ஒரு வார்த்தை சொல்லவில்லை. அணை மின்நிலையம், சுரங்க மின்நிலையம் இரண்டும் சேர்ந்து 250 மெகாவாட் கொடுக்கக்கூடியவை. அதுவும் பாசனத்துக்கு விடுகிற தண்ணீர் போகிற வழியில் சக்கரத்தைச் சுற்றிவிட்டுப் போவதால் கிடைப்பது. மதகு மூடிக் கிடக்கும் காலத்தில் சக்கரமும் சும்மா கிடக்கிறது. மேட்டூரில் மின்சாரம் வேலைக்காரி, வீட்டுக்காரி அல்ல. பெடரில் வீட்டுக்காரியே மின்சாரம்தான். அந்தத் தண்ணீர் ஒரு வயலுக்கும் பாயவில்லை. பக்கத்திலுள்ள கார்டன் என்ற தேக்கத்துக்குப் போய் அங்கே விசைச் சக்கரத்தைச் சுற்றுகிறது. இந்த இரண்டையும் "அணை" என்ற ஒரே சொல்லில் போட்டு மூடுவதுதான் நண்பருடைய வாதத்தின் சாமர்த்தியம்.

நான் கேட்பதெல்லாம் ஒன்றுதான். அணை என்பது ஒரு தடவை எழுதி ரிஜிஸ்தர் செய்துவிட்ட சாசனம் அல்ல. அது கடன் பத்திரம். முழுகிய நிலத்திடம் வாங்கிய கடன். கடன்காரன் அவ்வப்போது கணக்குக் காட்ட வேண்டாமா? இன்றைக்கு இது என்ன தருகிறது, தருவதை வேறு வழியில் பெற முடியுமா, கொடுத்தவனுக்கு என்ன திருப்பிக் கொடுத்தோம் என்று கேட்க வேண்டாமா? இப்படிக் கேட்டால் மேட்டூர் தேறிவிடும். அதனால்தான் கேட்கப் பயப்பட வேண்டியதில்லை என்கிறேன்.

ஆனால் கடைசிக் கேள்வியில் மேட்டூரும் தடுமாறும்.

என் பாட்டி பண்ணவாடிப் பக்கத்தில் பிறந்தவள். அணை நிரம்பியபோது அவளுக்கு ஒன்பது பத்து வயது இருக்கலாம். அவள் ஒருநாளும் "அணை கட்டின வருஷம்" என்று சொன்னதில்லை. "தண்ணி வந்த வருஷம்" என்றுதான் சொல்லுவாள். கல்யாணம், சாவு, மாடு வாங்கியது எல்லாமே தண்ணி வந்ததற்கு முன், தண்ணி வந்ததற்குப் பின். ஊரைக் காலி செய்தபோது கதவு நிலைகளைக்கூடப் பெயர்த்து வண்டியில் ஏற்றினார்களாம். ஆட்டுக்கல்லைத் தூக்க ஆள் இல்லாமல் விட்டுவிட்டு வந்தார்களாம். எண்பது வயதிலும் அந்த ஆட்டுக்கல்லுக்காக வருத்தப்பட்டாள். "அதுல மாவு அரைச்சா இட்லி எப்பிடி இருக்கும் தெரியுமாடா?" என்பாள். கவர்னர் ஸ்டான்லி துரை 1934 ஆகஸ்டில் வந்து அணையைத் திறந்து வைத்தார். தேக்கத்துக்கு அவர் பெயரே வைத்தார்கள். முழுகிய ஊர்களில் ஒன்றின் பெயரைக்கூட அதற்கு வைக்க யாருக்கும் தோன்றவில்லை.

நிலம் கொடுத்தது சேலம் ஜில்லா. தண்ணீர் போனது தஞ்சாவூருக்கு. இதைத் தஞ்சாவூர்க்காரர்கள் மேல் கோபமாகச் சொல்லவில்லை. கணக்கைச் சொல்லுகிறேன். கிழக்குக் கரை, மேற்குக் கரைக் கால்வாய்கள் சுதந்திரத்துக்குப் பிறகுதான் வந்தன. சேலம், நாமக்கல், ஈரோடு மூன்று ஜில்லாவிலுமாகச் சேர்த்து அவை நனைப்பது 45,000 ஏக்கர். அணைக்கு மிக அருகில் இருக்கும் ஓமலூர், எடப்பாடி, சங்ககிரிப் பக்கத்து ஏரிகள் பல, கண்ணுக்கெட்டும் தூரத்தில் காவிரியை வைத்துக்கொண்டு, கருவேல முள் முளைத்துக் கிடந்தன. உபரி நீரைப் பம்ப் வைத்து ஏற்றி 100 ஏரிகளை நிரப்பும் 565 கோடி ரூபாய்த் திட்டத்துக்கு 2020-ல்தான் அடிக்கல் போட்டார்கள். 2021-ல் முதல் கட்டம் தொடங்கியது. நல்ல காரியம். மறுக்கவில்லை. ஆனால் "உபரி" என்ற சொல்லைப் பாருங்கள். அணை நிரம்பி வழிந்தால் உண்டு, இல்லாவிட்டால் இல்லை. இடத்தைக் கொடுத்தவனுக்கு, பந்தியில் மிச்சமிருந்தால் இலை!

கொடுத்தது மனிதர்கள் மட்டுமா? காவிரியில் ஒரு காலத்தில் உல்லம் மீன் கடலிலிருந்து எதிர்நீச்சல் போட்டு மேலேறி வந்து முட்டையிட்டது. அணை வந்து வெள்ளம் அடங்கிய பிறகு அந்த மீன்வளம் நொடித்துப் போயிற்று என்று மீன் ஆராய்ச்சிக்காரர்கள் எழுதி வைத்திருக்கிறார்கள். இன்று உல்லம் என்ற பேரே நம் பக்கத்தில் பாதிப் பேருக்குத் தெரியாது. மீன் போனால் பேரும் போய்விடுகிறது.

இந்த மாதிரி இழப்புக்குத் திரும்புதல் இல்லை என்றுதான் உலகம் வெகுநாள் நம்பியிருந்தது. அமெரிக்காவில் கலிபோர்னியாவும் ஆரிகனும் சந்திக்கிற எல்லையில் கிளாமத் என்று ஒரு நதி ஓடுகிறது. அதன் குறுக்கே மின்சாரத்துக்காகக் கட்டிய நான்கு அணைகளை 2023, 2024-ம் வருஷங்களில் அகற்றினார்கள். பழங்குடி ஜனங்கள் பல வருஷம் போராடிப் பெற்ற வெற்றி அது. கடைசி அணை போய்ச் சில வாரங்களுக்குள், 2024 அக்டோபரில், சால்மன் மீன்கள் நூறு வருஷமாக மறுக்கப்பட்டிருந்த மேலாற்றில் வந்து நின்றன! யாரும் வழி காட்டவில்லை. வாசலைத் திறந்ததும் வந்துவிட்டன. அங்கே அணைக்கு உரிமம் உண்டு. உரிமத்துக்குக் காலக்கெடு உண்டு. கெடு முடிந்ததும் புதுப்பிக்க வேண்டும். புதுப்பிக்க ஆகிற செலவு, அகற்ற ஆகிற செலவு இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்க்கிறார்கள். பெடரிலும் இன்று அதே கேள்விதான் எழுந்திருக்கிறது. அணைகள் பழசாகிவிட்டன, அவற்றில் ஒன்று பூமி பிளந்த கோட்டுக்குப் பக்கத்தில் நிற்கிறது, பலப்படுத்த வேண்டும் என்கிறார்கள். பலப்படுத்தப் போகிற பணத்தைக் கொண்டு ஏரியையே மீட்டுவிடக் கூடாதா என்று மற்றவர்கள் கேட்கிறார்கள். பைத்தியக்காரக் கேள்வியா இது? எந்த மளிகைக் கடைக்காரரும் கேட்கிற கேள்வி.

"கதை எழுதுகிறவர்களுக்கு உணர்ச்சி ஜாஸ்தி, மின்சாரம் இல்லாமல் ஏழை எப்படிப் பிழைப்பான்?" என்று ஒரு வாதம் தயாராக இருக்கும். ஏழையைக் கேடயமாகப் பிடித்துக்கொண்டு வருகிற வாதங்களை நான் வெகுநாளாகப் பார்த்து வருகிறேன். குமாரபாளையத்திலும் பள்ளிபாளையத்திலும் ஒரு மணி நேரம் கரண்ட் நின்றால் விசைத்தறிக்காரரின் கூலியில் எத்தனை ரூபாய் குறைகிறது என்று அந்தத் தெருக்களில் நடந்தவனுக்குத் தெரியும். நான் விளக்கை அணைக்கச் சொல்லவில்லை. 1932-ல் பைக்காராவில் நீர்மின்சாரம் எடுத்தபோது தென்னாட்டில் நிலக்கரி இல்லை, நெய்வேலி இல்லை, காற்றாலை என்றால் யாருக்கும் தெரியாது. அன்று அது நியாயம். இன்று இதே தமிழ்நாட்டில் காற்றாலைகள் மட்டும் 10,000 மெகாவாட்டுக்கு மேல் நிற்கின்றன. சூரிய ஒளிக்கு நாமக்கல் வெயிலைப் போலக் கைமுதல் வேறு உண்டா? 1932-ன் நியாயத்தை எடுத்துவந்து இன்றைய காட்டின்மேல் பிரயோகிக்க யாருக்கும் உரிமை இல்லை.

நீலகிரிக்கு அந்தப் பக்கம் மலையாளத்தில் ஓர் அமைதிப் பள்ளத்தாக்கு இருக்கிறது. அங்கே 120 மெகாவாட்டுக்காக அணை கட்டி மழைக்காட்டை முழுகடிக்கத் திட்டம் போட்டார்கள். ஆசிரியர்களும் விஞ்ஞானிகளும் கவிஞர்களும் எழுந்து நின்றார்கள். திட்டம் கைவிடப்பட்டது, 1985-ல் ராஜீவ் காந்தி அதைத் தேசியப் பூங்காவாகத் தொடங்கி வைத்தார். கேரளம் இருண்டு போய்விடவில்லை. முழுகடித்த பிறகு மீட்பதற்கு முப்பது வருஷம் மன்றாட வேண்டியிருக்கிறது. முழுகடிக்காமல் இருப்பதற்குச் செலவே இல்லை.

இதை ஏன் இவ்வளவு நீட்டிச் சொல்லுகிறேன் என்றால், காரியம் நம் வாசலுக்கே வந்திருக்கிறது. நாமக்கல்லில் எந்த மொட்டை மாடியில் நின்று பார்த்தாலும் தெரிகிற கொல்லிமலை. அதன் மேலே ஓடுகிற ஓடைகளைத் தடுப்பணை கட்டித் திருப்பி, சுரங்கத்திலும் குழாயிலும் இறக்கி, அடிவாரத்தில் புளியஞ்சோலைப் பக்கம் 20 மெகாவாட் மின்சாரம் எடுக்கத் திட்டம் வகுத்திருக்கிறார்கள். பெடரைப் போல ஏரி முழுகாது, வாஸ்தவம். இங்கே முழுகப் போவது நிலம் அல்ல. வற்றப் போவது ஓடை. திருப்பிவிட்ட தண்ணீர் அருவிக்கு எப்படி வரும், ஆகாய கங்கை என்னாகும் என்று மலைவாசிகள் கேட்கிறார்கள். மேலே காப்பியும் மிளகும் அன்னாசியும் பயிரிடுகிற மலையாளிக் குடிகள் அவர்கள். அவர்களுக்கு ஓடை என்றால் காட்சி அல்ல, குடத்தில் தண்ணீர்.

20 மெகாவாட் என்றால் எவ்வளவு? பெரிய காற்றாலைகள் பத்துப் பதினைந்து. காற்று எப்போதும் வீசாது என்பார்கள் இஞ்சினீயர்கள். கொல்லிமலை ஓடைகளும் எப்போதும் ஓடுவதில்லை. பங்குனியில் போய்ப் பாருங்கள்.

திட்டத்தை ஒழி என்று ஒரே வீச்சில் சொல்லிவிட்டுப் போவது எனக்குச் சுலபம். அதைச் சொல்லவில்லை. மேட்டூரில் 1934-ல் கேட்காமல் விட்ட கணக்கை இங்கே முதலிலேயே கேட்க வேண்டும் என்கிறேன். எந்த ஓடையில் எந்த மாதம் எவ்வளவு தண்ணீர் ஓடுகிறது? அதில் எவ்வளவை எடுப்பார்கள்? அருவிக்கு என்று எவ்வளவு விடுவார்கள்? அதை அளப்பவர் யார்? எத்தனை வருஷத்துக்கு ஒருமுறை கணக்கைத் திருப்பிப் பார்ப்பார்கள்? பயன் இல்லை என்று தெரிந்தால் தடுப்பணைகளை எடுத்துவிட யார் பணம் ஒதுக்கி வைத்திருக்கிறார்கள்? இவற்றுக்கெல்லாம் பதில் இங்கிலீஷில் எங்கேயாவது ஒரு ஃபைலில் இருக்கலாம். ஃபைலில் இருந்தால் போதாது.

மேட்டூரிலும் செய்ய வேண்டியது மிச்சம் இருக்கிறது. 2017-ல் குடியானவர்களுக்கு வண்டல் அள்ள அனுமதி கொடுத்தார்கள். அந்த மாதிரி, தண்ணீர் வற்றும் அடுத்த கோடையில் தொல்பொருள் இலாகாவினர் அளவு நாடாவோடு பண்ணவாடிக்குப் போகட்டும். வீதி எங்கே இருந்தது, கிணறு எங்கே இருந்தது, கோயிலின் சுற்றுச் சுவர் எதுவரை ஓடியது என்று வரைபடம் போடட்டும். முழுகிய ஊர்களின் பெயர்களைக் கல்லில் வெட்டி, ஸ்டான்லி துரையின் பெயருக்குப் பக்கத்தில், அதே அளவு எழுத்தில் வைக்கட்டும். கிழக்குக் கரைக் கால்வாய்க்கும் நூறு ஏரிகளுக்கும் உரிய தண்ணீரை உபரி என்று எழுதாமல் பங்கு என்று எழுதட்டும்.

கொல்லிமலைக் கணக்கைத் தமிழில் பெரிய எழுத்தில் எழுதி அறப்பளீசுவரர் கோயில் வாசலில் ஒட்ட வேண்டும். ஆடி மாதம் வல்வில் ஓரி விழாவுக்கு மலையேறி வந்து ஆகாய கங்கையில் குளிக்கப் போகிற அத்தனை பேரும் அதைப் படித்துவிட்டுப் படி இறங்கட்டும்.